பிளம்ஸ் பழுக்கும் ஊரில் பாட்டில் சாஸ் எதற்கு?

இறைச்சியில் இனிப்பா என்று முகம் சுளிக்கிறவர்களோடு வாதாட எனக்குச் சலிப்பே வருவதில்லை. நீலகிரியின் கீழ் கோத்தகிரியில் பேருந்துச் சாலையை ஒட்டிச் சிறிய சமையற்கட்டு ஒன்று நடத்துகிறேன். சுற்றுவட்டாரத்தில் வீடு வாடகைக்கு எடுத்துத் தங்குகிறவர்களுக்கும் இரண்டு மூன்று விடுதிகளுக்கும் சொன்ன நேரத்தில் சாப்பாடு செய்து கொடுப்பது என் பிழைப்பு. சாசேஜை வாட்டி, அதன்மேல் பிளம்ஸ் பழப் பாகை ஊற்றிப் புரட்டி, பாகு கண்ணாடிபோல் மினுங்கும்போது இறக்கிக் கொடுப்பேன். சாப்பிட வருகிறவர்களில் பாதிப் பேர் முதலில் தயங்குவார்கள். இரண்டாவது முறை கேட்டு வாங்குகிறவர்களும் அவர்கள்தான்.

என் வாதம் ருசியைப் பற்றியது மட்டும் அல்ல. ஏப்ரல் கடைசியிலிருந்து ஜூன் வரை இந்த மலையில் பிளம்ஸ் பழுக்கிறது. அதே இரண்டு மாதங்களில்தான் சமவெளியிலிருந்து சுற்றுலாக் கூட்டமும் வருகிறது. கூட்டம் தாங்காமல்தான் 2024 மே 7 முதல் சென்னை உயர் நீதிமன்றம் இங்கே வரும் வண்டிகளுக்கு இ-பாஸ் முறையைக் கொண்டுவரச் சொன்னது. அடுத்த ஆண்டு கோடையில் வார நாட்களில் ஒரு நாளைக்கு 6,000 வண்டி, வார இறுதியில் 8,000 வண்டி என்று வரம்பும் விதித்தது. வந்து தங்குகிறவர்களுக்கு ராத்திரி குளிருக்கு நெருப்பு மூட்டி, கம்பியில் கோழியும் சாசேஜும் வாட்டித் தருவது இப்போது எல்லா விடுதியிலும் வழக்கமாகிவிட்டது. அந்தச் சாசேஜ்மேல் தடவுவதோ சமவெளியிலிருந்து லாரி ஏறி வந்த பழுப்பு நிறப் பாட்டில் சாஸ். அதே விடுதியின் பின்வேலிக்கு அப்பால், பறிக்க ஆளில்லாத பிளம்ஸ் மரத்தடியில் பழம் கொட்டிக் கிடந்து ஈ மொய்க்கிறது. இதைப் பார்த்துக்கொண்டு என்னால் சும்மா இருக்க முடியவில்லை.

அந்தப் பாட்டிலின் பின்பக்கத்தை ஒருமுறை படித்துப் பாருங்கள். சர்க்கரை, தக்காளி விழுது, வினிகர், சோள மாவு, கேரமல் நிறம், புகை மணத்துக்கு ஒரு செயற்கைச் சாரம், கெடாமலிருக்க ஒரு ரசாயனம். இனிப்பும் புளிப்பும் சேர்ந்த ருசி வேண்டும் என்பதற்காகத்தான் இத்தனையும் சேர்க்கிறார்கள். எங்கள் மரத்துப் பழம் ஒன்றைக் கடித்தால் அந்த இரண்டும் அதிலேயே இருக்கிறது. தோலில் புளிப்பு, சதையில் இனிப்பு, கொட்டையை ஒட்டி மறுபடியும் புளிப்பு.

நீலகிரியில் பழமரம் வளர்ப்பது இன்று நேற்று வந்ததல்ல. 1819-இல் கோத்தகிரிப் பக்கம் வந்து கன்னேரிமுக்கில் வீடு கட்டிய ஜான் சல்லிவன் காலத்திலிருந்தே சீமைக் காய்களும் பழங்களும் இந்த மண்ணில் வேர்பிடிக்கத் தொடங்கின. பர்லியாரில் 1871-இல் பழப்பண்ணை வந்தது, கல்லாறில் 1900-இல், குன்னூரில் 1920-இல் பழவியல் நிலையம். பிளம்ஸில் ரூபியோ, கவியோட்டா, ஹேல் என்று ரகம் பிரித்து நாற்று கொடுத்த இடம் அது. எங்கள் பக்கத்துக்காரர்களுக்கு இந்தப் பெயர்கள் தெரியாது. கருஞ்சிவப்புப் பழம், மஞ்சள் பழம், அவ்வளவுதான். ஆனால் எந்த மரம் எந்த வாரம் பழுக்கும், எந்த மரத்துப் பழம் மழை பட்டால் வெடிக்கும் என்பது அவர்களுக்குத் துல்லியமாகத் தெரியும்.

பிறகு தேயிலை வந்து எல்லாவற்றையும் விழுங்கியது. காய்கறி போட்ட மேடும் பழமரம் நின்ற சரிவும் தேயிலையானது. வருஷம் முழுக்கக் கையில் காசு தரும் பயிர் என்பதால் அதில் யாரையும் குறை சொல்ல முடியாது. இன்று பிளம்ஸ் மரம் என்பது வீட்டுக் கொல்லையில் இரண்டு, தோட்டத்து ஓரத்தில் மூன்று என்று தனித்தனியாக நிற்பது. தோப்பாக இருந்தால் வியாபாரி வண்டியோடு வருவார். இரண்டு மரத்துக்கு யார் வருவார்கள்? பச்சைத் தேயிலைக்குக் கட்டுபடியாகும் விலை கேட்டுச் சிறு விவசாயிகள் எத்தனை முறை உண்ணாவிரதம் இருந்துவிட்டார்கள் என்பதை இந்தப் பத்திரிகை படிக்கிறவர்கள் அறிவார்கள். அப்படித் தவிக்கிற வீட்டின் பின்புறத்திலேயே காசு அழுகிக் கிடக்கிறது.

பிளம்ஸ் பறித்தவர்களுக்கு அதன் குணம் தெரியும். மரத்தில் கனிந்த பழம் கூடையில் இரண்டு மூன்று நாளுக்கு மேல் தாங்காது. கொஞ்சம் காயாகப் பறித்தால் தாங்கும், ஆனால் ருசி வராது. கூடையில் குவித்து மேட்டுப்பாளையம் சாலையின் கொண்டை ஊசி வளைவுகளில் இறக்கினால் அடிக்கூடைப் பழம் நசுங்கிவிடும். வியாபாரி கையில் எடுத்து, அழுத்திப் பார்த்து, "அடிபட்டது வேண்டாம்" என்று ஒதுக்குவார். பக்கத்து ஹட்டியில், அதாவது படுகர் ஊரில், இருக்கும் அக்கா ஒருவர் ஒரு வருஷம் ஒரு கூடை நிறைய ஒதுக்குப்பழத்தை என் வாசலில் இறக்கிவைத்து, "மாட்டுக்குப் போடறதுக்குப் பதிலா நீயே ஏதாவது பண்ணு" என்றார். சாஸுக்கு வேண்டியது அந்தப் பழமே. பாகு காய்ச்சுகிறவளுக்குப் பழத்தின் அழகு எதற்கு? தோல் கிழிந்து, சாறு கசிந்து, இன்று ராத்திரி தாண்டாது என்ற நிலையில் இருக்கும் பழத்தில்தான் இனிப்பு முழுசாக இறங்கியிருக்கும். சந்தை வேண்டாம் என்று தள்ளுவதும் சட்டி வேண்டும் என்று கேட்பதும் ஒரே பழம். அன்றிலிருந்து அந்த அக்காவின் ஒதுக்குப்பழத்தை எடை போட்டுக் காசு கொடுத்துத்தான் வாங்குகிறேன்.

இனி ருசிக்கு வருகிறேன். இறைச்சியோடு இனிப்பு சேராது என்பது நம் ஊர்ச் சட்டம்போல் சொல்லப்படுகிறது. அப்படி ஒரு சட்டம் நம் அடுப்பில் இருந்ததே இல்லை. மாங்காய் போட்ட மீன்குழம்பை யார் வேண்டாம் என்கிறார்கள்? இஸ்லாமியர் வீட்டுத் தாளிச்சாவில் ஆட்டெலும்போடு மாங்காயும் வேகிறது. ஆம்பூர் பிரியாணிக்குத் தொட்டுக்கொள்ளும் கத்தரிக்காயில் புளியும் வெல்லமும் சேர்க்கிற கைகள் உண்டு. கொங்குநாட்டுக் கறிக்குழம்புக்குச் சின்ன வெங்காயத்தை ஏன் அவ்வளவு நேரம் வதக்குகிறோம்? அதன் இனிப்பு இறங்கத்தான். பக்கத்துக் குடகில் பன்றிக்கறிக்குக் கருப்பாகக் காய்ச்சிய பழப்புளியான கச்சம்புளி இல்லாமல் வேலையே நடக்காது. கோவாக்காரர்களின் விந்தாலுவில் வினிகரோடு ஒரு கை சர்க்கரையும் விழும்.

என் கைக்கு இந்த ருசி இன்னொரு மலையிலிருந்து வந்தது. என் அப்பாவும் அம்மாவும் இலங்கையில் அட்டன் பக்கத்துத் தோட்டத்தில் பிறந்தவர்கள். 1964-இல் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் போட்ட ஒப்பந்தத்தின்படி ஐந்து லட்சத்து இருபத்தைந்தாயிரம் பேரை இந்தியா ஏற்றுக்கொள்வதாக முடிவானது. அந்தக் கணக்கில் எங்கள் குடும்பமும் ஒன்று. தலைமன்னாரில் கப்பல் ஏறி, ராமேசுவரத்தில் இறங்கி, மண்டபம் முகாமில் காத்திருந்து, கடைசியில் டான்டீ தோட்டத்து லைன் வீட்டுக்கு வந்து சேர்ந்தார்கள். எங்களைப் போன்றவர்களுக்கு வேலை கொடுக்கவே அரசு வளர்த்த தேயிலைக் கழகம் அது. சித்தி குடும்பம் மட்டும் இலங்கையிலேயே தங்கிவிட்டது. சித்தி மகள் ஒருமுறை இங்கே வந்திருந்தபோது, என் சமையற்கட்டில் சாசேஜ் பாக்கெட்டைப் பார்த்துவிட்டு, "அக்கா, இத சும்மா பொரிச்சா குடுக்கிறீங்க? டெவல் போட்டுக் குடுங்க" என்று சேலையைச் செருகிக்கொண்டு அடுப்படிக்கு வந்துவிட்டாள்.

இலங்கையில் டெவல் தெரியாதவர் இல்லை. சாசேஜைச் சாய்வாகத் துண்டு போட்டுப் பொரித்து, பெரிதாக நறுக்கிய வெங்காயம், குடைமிளகாய், தக்காளி, தூள் மிளகாய் போட்டு, தக்காளி சாஸும் சர்க்கரையும் கொஞ்சம் வினிகரும் விட்டு, பெரிய தீயில் பிரட்டி எடுப்பார்கள். சில கடைகளில் அன்னாசித் துண்டும் போடுவார்கள். காரம் நாக்கில் ஏறும்போதே இனிப்பு வந்து தாங்கிப் பிடிக்கும். கொழும்பு ஹோட்டலிலும் அட்டன் பேருந்து நிலையத்துக் கடையிலும் ஒரே பெயரில் விற்கும் இந்தச் சாப்பாட்டை, அங்கே எந்தத் தமிழரும் சிங்களவரும் வெள்ளைக்காரன் சாப்பாடு என்று ஒதுக்குவதில்லை. அவள் அன்று அன்னாசி கேட்டாள். என்னிடம் இருந்தது பிளம்ஸ்.

உலகத்தில் பிளம்ஸ் விளையும் ஊர்களெல்லாம் இதை எப்போதோ கண்டுபிடித்துவிட்டன. கருங்கடல் ஓரத்து ஜார்ஜியா நாட்டில் சுட்ட இறைச்சிக்குத் தெக்கேமலி என்ற புளிப்பு பிளம்ஸ் சாஸ் இல்லாமல் பந்தி இல்லை. நம் வீட்டில் ஊறுகாய் போடுவதுபோல் வருஷத்துக்கு வேண்டியதைக் காய்ச்சிப் பாட்டிலில் அடைத்துவைக்கிறார்கள். சீனர்கள் வாத்துக்கறிக்குப் பிளம்ஸ் சாஸ் வைக்கிறார்கள். ஸ்வீடன்காரர்கள் இறைச்சி உருண்டையோடு காட்டுப்பழ ஜாமை வைக்கிறார்கள். பிலிப்பைன்ஸில் சாசேஜுக்குள்ளேயே சர்க்கரையும் பூண்டும் கலந்து அடைக்கிற வகை உண்டு. அந்தந்த ஊர்க்காரர் தம் மரத்தில் விளைந்த பழத்தைத் தம் இறைச்சிக்குப் போட்டார்கள். நாங்கள் மட்டும் பாட்டிலுக்குக் காத்திருக்க வேண்டியதில்லை.

செய்முறையைச் சொல்லிவிடுகிறேன், மறைத்துவைக்க இதில் ஒன்றும் இல்லை. அரைக் கிலோ கனிந்த பிளம்ஸைக் கழுவி, கொட்டையோடு அடிகனமான சட்டியில் போட்டு, ஒரு கை தண்ணீர் தெளித்து மூடி வையுங்கள். பத்து நிமிஷத்தில் தோல் வெடித்துச் சாறு விடும். ஆறியதும் கையால் பிசைந்து கம்பிச் சல்லடையில் தேய்த்தால் கொட்டை மேலே நின்றுவிடும். கொட்டையை உடைக்க வேண்டாம். உள்ளே இருக்கும் பருப்பு நல்லதல்ல. தோலைத் தேய்த்து இறக்காமல் விட்டுவிடாதீர்கள், அந்தச் சிவப்பு நிறமே தோலில்தான் இருக்கிறது. பாகை உறையவைக்கும் பெக்டினும் அங்கேதான் அதிகம். அதனால்தான் சோள மாவு எதுவும் இல்லாமலே இது கெட்டிப்படுகிறது.

இறங்கிய விழுதில் நூறு கிராம் நாட்டுச் சர்க்கரை, விரல் நீள இஞ்சி தட்டியது, நான்கு சின்ன வெங்காயம் பொடியாக நறுக்கியது, ஒன்றிரண்டாக இடித்த வரமிளகாய் ஒரு தேக்கரண்டி, கொஞ்சம் மிளகு, உப்பு. மிளகு எங்கள் பக்கம் சில்வர் ஓக் மரத்தில் கொடியேறிக் காய்ப்பது. இதைச் சிறு தீயில் கிளறிக்கொண்டே இருங்கள். கரண்டியால் அடியில் கோடு இழுத்தால் கோடு உடனே மூடாமல் நிற்க வேண்டும், அதுதான் பதம். புளிப்பு ரொம்பத் தூக்கினால் மட்டும் இன்னும் கொஞ்சம் சர்க்கரை. வினிகர் வேண்டவே வேண்டாம்.

சாசேஜில்தான் பெரும்பாலோர் அவசரப்படுகிறார்கள். எண்ணெயைக் காயவைத்துப் போட்டால் தோல் கருகும், உள்ளே வேகாது. முள்கரண்டியால் குத்தினால் சாறெல்லாம் ஓடிவிடும். அகலமான தட்டைச் சட்டியில் சாசேஜை ஒன்றன்மேல் ஒன்று ஏறாமல் அடுக்கி, கால் டம்ளர் தண்ணீர் விட்டு மூடி, முதலில் ஆவியில் வேகவிட வேண்டும். மலையில் இதற்குக் கூடுதல் பொறுமை தேவை. கோத்தகிரி கடல்மட்டத்திலிருந்து கிட்டத்தட்ட 1,800 மீட்டர் உயரம். இங்கே தண்ணீர் 94 டிகிரியிலேயே கொதித்துவிடும், அதற்குமேல் சூடு ஏறாது. கோயம்புத்தூரில் எட்டு நிமிஷத்தில் வேகிறது இங்கே பத்துப் பன்னிரண்டு கேட்கும். கோழி சாசேஜ் என்றால் நடுப்பகுதி 74 டிகிரியைத் தொட வேண்டும். தண்ணீர் வற்றியதும் ஒரு கரண்டி எண்ணெய் விட்டு உருட்டி உருட்டிப் பொன்னிறமாக்குங்கள். பாகை ஊற்றுவது கடைசி மூன்று நிமிஷத்தில். சர்க்கரை சேர்ந்த எதையும் முதலிலேயே ஊற்றினால் கருகிக் கசந்துவிடும்; நெருப்பில் கம்பியில் வாட்டுகிறவர்கள் பாட்டில் சாஸை முதலிலேயே தடவிவிட்டு, வெளியே கரியும் உள்ளே பச்சையுமாகக் கொடுப்பது இதனால்தான். தீயைக் குறைத்து, பாகு குமிழியிட்டுச் சாசேஜைப் பிடித்துக்கொள்ளும்வரை புரட்டி, நெல்லிக்காய் அளவு வெண்ணெய் போட்டு இறக்கினால் மினுமினுப்பு வந்துவிடும். பன்னோடு சாப்பிடலாம், சப்பாத்தியோடு சாப்பிடலாம். சட்டியில் ஒட்டியிருக்கும் மிச்சப் பாகைச் சூடான வர்க்கியால் வழித்துச் சாப்பிடுவது என் சொந்தப் பழக்கம், யாருக்கும் சிபாரிசு செய்யத் தயங்க மாட்டேன்.

இறைச்சி வாங்குவதில் நான் கறாராக இருக்கிறேன். 2015 அக்டோபரில் உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை, பதப்படுத்திய இறைச்சியைப் புற்றுநோய் உண்டாக்கும் பொருட்களின் முதல் வரிசையில் வைத்தது. தினமும் 50 கிராம் சாப்பிட்டால் பெருங்குடல் புற்றுநோய் வரும் வாய்ப்பு 18 சதவீதம் கூடுகிறது என்று கணக்கும் சொன்னது. சாசேஜ் விற்கிறவள் இதைச் சொல்லக் கூடாது என்று என் மகன் நினைக்கிறான். சொல்லத்தான் வேண்டும் என்பது என் முடிவு. தினமும் காலையில் பிள்ளைக்கு டப்பாவில் சாசேஜ் வைத்து அனுப்பும் தாய்மார்களிடம் நேராகவே சொல்கிறேன்: வேண்டாம். எப்போதாவது ஒரு நாள், மலைக்கு வந்த இடத்தில், நல்ல இறைச்சியில் அன்றைக்கு அடைத்த சாசேஜாகப் பார்த்துச் சாப்பிடுங்கள். நைட்ரைட் சேர்க்காமல், இறைச்சி, உப்பு, மிளகு, மசாலாவோடு அடைத்துத் தரும் கைகள் குன்னூர்ப் பக்கம் உண்டு. முன்கூட்டியே சொன்னால் கோழியிலும் பன்றியிலும் கிடைக்கும்.

பன்றி எல்லார் வீட்டுச் சாப்பாடும் அல்ல. எங்களைச் சுற்றியுள்ள படுகர் ஊர்களில் பன்றி சமைக்கும் வழக்கம் இல்லை. அவர்கள் வீட்டு விருந்தாளிக்கு நான் சமைக்கும்போது சட்டியே வேறு. சைவம் சாப்பிடுகிறவர்களுக்கு இதே பாகை நீலகிரிக் காளானில் புரட்டிக் கொடுக்கிறேன். மொட்டுக் காளானை முழுசாக வாட்டி, தண்ணீர் வற்றியதும் பாகு ஊற்றினால், சாசேஜுக்குக் கொஞ்சமும் குறையாது. பாகுதான் இங்கே கதாநாயகன் என்பதற்கு வேறு சாட்சி வேண்டாம்.

பிளம்ஸ் முடிந்தால் பழம் முடிந்துவிடுவதும் இல்லை. ஜூலையில் நாட்டுப் பேரிக்காய் வந்துவிடும். அது பச்சையாகக் கடித்தால் மரக்கட்டை, ஆனால் இஞ்சியும் மிளகும் போட்டுக் காய்ச்சினால் இறைச்சிக்கு அருமையான ஜோடி. கொல்லைக்குக் கொல்லை நிற்கும் மரத்தக்காளியைத் தணலில் சுட்டு, தோலுரித்து, நாட்டுச் சர்க்கரை சேர்த்துப் பாருங்கள். தாட்பூட் பழத்தின் மணம் போதும், பத்து வீடு தள்ளி இருப்பவரும் என்ன சமையல் என்று கேட்பார். தவுட்டுப்பழத்தில் வெள்ளைக்காரர்கள் ஜெல்லி செய்த காலம் உண்டு; ஆனால் அது காட்டோரத்துப் புதரில் பறவைக்கும் கரடிக்கும் உள்ளது, அதை வியாபாரத்துக்குப் பறிப்பதை நான் ஆதரிக்கவில்லை. குஞ்சப்பனைப் பக்கம் பலா பழுக்கும் மாதங்களில் யானை ரோட்டுக்கு வருகிறதே, அப்படித்தான் இங்கே கனிந்து விழுந்த பழ வாசனைக்குக் கரடி வருகிறது. கொட்டிக் கிடக்கும் பழத்தைப் பொறுக்கி எடுப்பது சட்டிக்கு மட்டும் அல்ல, விடியலில் கொல்லைக்குப் போகும் பெண்களின் பாதுகாப்புக்கும் தேவை.

ஒரு சமையற்கட்டு எத்தனை பழத்தை வாங்கிவிடும்? என் சக்திக்கு எட்டியது நாலைந்து வீட்டு மரம். மீதிக்கு அரசு வர வேண்டும். குன்னூரில் சிம்ஸ் பூங்கா அருகே தோட்டக்கலைத் துறையின் பழம் பதப்படுத்தும் பிரிவு இருக்கிறது. ஜாம், ஜெல்லி, ஊறுகாய் எல்லாம் அங்கே செய்து விற்கிறார்கள், தரமும் நன்றாகவே இருக்கிறது. ஆனால் கீழ் கோத்தகிரியிலோ சோலூர்மட்டத்திலோ இருக்கிற ஒரு பெண், முப்பது கிலோ கனிந்த பழத்தைத் தூக்கிக்கொண்டு இரண்டு பேருந்து மாறிக் குன்னூர் போய்ச் சேர்வதற்குள் அது குழம்பாகிவிடும். பழத்தைத் தேடிச் சட்டி வர வேண்டும். கோத்தகிரி உழவர் சந்தையிலேயே ஒரு சிறிய கூழ் எடுக்கும் இயந்திரம், நீராவிச் சட்டி ஒன்று, கூழைப் பாதுகாக்க ஒரு குளிர்பெட்டி. மே, ஜூன் இரண்டு மாதம் ஓடினால் போதும். கூழாகிவிட்டால் பழத்துக்கு அவசரம் இல்லை, டிசம்பர் விடுமுறைக் கூட்டத்துக்கும் அதுவே பாகாகும். 2020-இல் மத்திய அரசு தொடங்கிய குறு உணவுப் பதப்படுத்தும் தொழில்களுக்கான திட்டத்தில் 35 சதவீதம் வரை மானியமும், மகளிர் குழு உறுப்பினருக்குத் தலா 40,000 ரூபாய் வரை தொடக்க நிதியும் உண்டு என்று சொல்லப்பட்டது. எங்கள் பக்கத்துக் குழுக்களுக்கு அதைப் பற்றி உட்கார்ந்து பேச ஓர் அதிகாரி வரட்டும்.

இது நடக்காத காரியம் என்று யாரும் சொல்ல முடியாது. கோத்தகிரியில் கண்ணெதிரே நடந்திருக்கிறது. இருளரும் குறும்பரும் பாறையில் இறங்கி எடுத்த தேனுக்கு ஒரு காலத்தில் இடைத்தரகர் சொன்னதே விலை. 1990களில் கீஸ்டோன் அமைப்பு இங்கே வந்து, தேனைச் சுத்தமாக எடுக்கவும் வடிக்கவும் பாட்டிலில் அடைக்கவும் விற்கவும் வழி செய்தது. அதிலிருந்து கிளைத்த ஆதிமலைப் பழங்குடியினர் உற்பத்தியாளர் நிறுவனம் 2021-இல் ஐக்கிய நாடுகள் வளர்ச்சித் திட்டத்தின் ஈக்குவேட்டர் விருதை வாங்கியது. பழங்கால ஓவியப் பாறை இருக்கும் கரிக்கியூர் எங்கள் ஊருக்குக் கீழேதான் இருக்கிறது. அந்தப் பக்கத்து இருளர் கையால் பறித்த மிளகும் காப்பியும் இன்று நல்ல பெயரோடு நகரத்துக் கடைகளில் நிற்கின்றன. தேனுக்கு வந்த மரியாதை பிளம்ஸுக்கு ஏன் வரக் கூடாது? ஊட்டி என்று அச்சடித்து விற்கும் சாக்லேட்டின் கொக்கோ எங்கிருந்தோ வருகிறது. பிளம்ஸ் இங்கேயே விளைகிறது.

விடுதிக்காரர்களிடமும் ஒன்று கேட்கிறேன். உங்கள் வாசலில் பசுமை, இயற்கை என்றெல்லாம் பலகை வைத்திருக்கிறீர்கள். மே மாதம் ஒரு முறையாவது பக்கத்து வீட்டில் பத்துக் கிலோ ஒதுக்குப்பழம் நியாய விலைக்கு வாங்குங்கள். காய்ச்சத் தெரியாவிட்டால் உங்கள் சமையல்காரரை அனுப்பிவையுங்கள், ஒரு மத்தியானத்தில் கற்றுக்கொடுத்துவிடுகிறேன். காசு வேண்டாம். விருந்தாளிக்குப் பரிமாறும்போது, இது எந்த ஊர் மரத்துப் பழம் என்று ஒரு வார்த்தை சொல்லச் சொல்லுங்கள்.

ஒவ்வொரு கோடையிலும் கோத்தகிரி நேரு பூங்காவில் காய்கறிக் கண்காட்சி நடக்கிறது. குன்னூர் சிம்ஸ் பூங்காவில் பழக் கண்காட்சி. பழத்தை அடுக்கி யானை செய்கிறார்கள், மயில் செய்கிறார்கள். சில நாள் பார்த்துவிட்டு எல்லாரும் போய்விடுகிறார்கள். அடுத்த மே மாதம் அந்த நேரு பூங்காவின் ஓரத்தில் ஓர் அடுப்பு, ஓர் எடைத்தராசு, ஒரு மேசை போட இடம் கேட்டுத் தோட்டக்கலைத் துறைக்கு மனு எழுதியிருக்கிறேன். காலையில் அந்தத் தராசில் கொல்லைப் பழத்தை எடை போட்டு வாங்குவோம். மாலையில் அதே பழத்தின் பாகில் சாசேஜும் காளானும் புரட்டிக் கொடுப்போம். எங்கள் மகளிர் குழுவில் ஆறு பேர் கையெழுத்துப் போட்டிருக்கிறார்கள். அடுப்பும் சட்டியும் நாங்களே கொண்டுவருகிறோம் என்றும் அதில் எழுதியிருக்கிறோம்.